தெருவுக்கு ஒரு திரை

1973 மே மாதம் திண்டுக்கல் சமவெளியில் இரண்டு காரியங்கள் ஒன்றாக நடந்தன. ஒன்று தேர்தல். தி.மு.க. உறுப்பினர் ராஜாங்கம் இறந்ததால் காலியான நாடாளுமன்றத் தொகுதிக்கு இடைத்தேர்தல் வந்தது. கட்சி தொடங்கி ஏழு மாதமே ஆகியிருந்த எம்.ஜி.ஆர். நிறுத்திய மாயத்தேவர் இரட்டை இலையில் ஜெயித்தார். பழைய காங்கிரஸ் இரண்டாவது. மாநிலத்தை ஆண்ட கட்சி மூன்றாவது. இன்னொன்று சினிமா. வாக்குப்பதிவுக்குச் சில நாள் முன்பு, மே 11 அன்று, 'உலகம் சுற்றும் வாலிபன்' வெளியானது. படம் வந்தால் சேலை கட்டிக்கொள்கிறேன் என்று தி.மு.க.வின் மதுரை முத்து சவால் விட்டதாக ஒரு கதையை இந்தப் பக்கத்துப் பெரியவர்கள் இன்னும் சொல்லிச் சிரிப்பார்கள். அரசியல் வரலாறு எழுதுகிறவர்கள் இந்த இரண்டுக்கும் முடிச்சுப் போடத் தவறுவதேயில்லை. அந்தப் படத்தில் எந்தெந்த ஊர்கள் வருகின்றன என்பதை மட்டும் யாரும் கணக்கில் எடுப்பதில்லை.

ஹாங்காங் வருகிறது. சிங்கப்பூர், பாங்காக் வருகின்றன. 1970இல் ஒசாகாவில் நடந்த உலகக் கண்காட்சி வருகிறது. மலைக்கோட்டையைச் சுற்றியிருக்கும் கிராமங்களில் கட்டைவண்டி கட்டிக்கொண்டு படம் பார்க்கப் போன தலைமுறைக்கு 'நகரம்' என்பது இப்படித்தான் அறிமுகமானது: கண்ணாடிக் கட்டடம், மின்விளக்கு, ஓடும் படிக்கட்டு. கொட்டகையை விட்டு வெளியே வந்தால் குடிதண்ணீருக்குக் குடத்தை வரிசையில் வைத்திருக்கும் தங்கள் சொந்த ஊர். அதுவும் நகரம்தான், 1866 முதல் நகராட்சி. ஆனால் அது திரையில் வரத் தகுந்த நகரம் என்று யாருக்கும் தோன்றவில்லை, ஊர்க்காரர்களுக்கும்தான்.

பிற்காலத்தில் தோன்றியபோது எப்படித் தோன்றியது என்பதையும் சொல்ல வேண்டும். 2008இல் 'திண்டுக்கல் சாரதி' என்று ஒரு நகைச்சுவைப் படம் வந்தது. மலையாளத்து 'வடக்குநோக்கியந்திரம்' படத்தின் தமிழ் வடிவம். தலைப்பில் ஊர்ப்பெயர், சிரிப்புக்கு ஒரு வாசல். அதே ஆண்டுகளில் மதுரையைச் சுற்றிய படங்கள் வரிசையாக வந்தன. அவற்றில் தென்மாவட்ட ஊர் என்றால் ஓர் உச்சரிப்பு, ஒரு திருவிழா, ஓர் அரிவாள். அந்தப் படங்கள் எல்லாமே மோசம் என்று சொல்ல மாட்டேன். சில, தெருக்களை நன்றாகவே பார்த்தன. ஆனாலும் அந்தத் தெருவில் இருப்பவர்கள் காலையில் எழுந்து எந்த வேலைக்குப் போகிறார்கள் என்ற கேள்வி, கதாநாயகன் அரிவாளை எடுத்ததும் மறைந்துவிடும்.

இது ரசனைக் குறைவு மட்டுமல்ல, தொழில்முறையின் விளைவும்கூட. தமிழ்நாட்டில் சினிமா ரயில் பாதையைப் பிடித்து ஊர் ஊராக வந்தது. திருச்சியில் ரயில்வே வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் இருந்து படம் காட்டும் கருவியை வாங்கிக்கொண்டு வேலையை விட்டுப் புறப்பட்டார். பின்னால் கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார். திரையைத் தூக்கிக்கொண்டு அலைவது அன்றைக்கே முடிந்திருக்கிறது. கேமராவைத் தூக்கிக்கொண்டு அலைவதுதான் முடியவில்லை. பேசும்படம் வந்த பிறகு இன்னும் மோசம். கனத்த கேமரா, அதைவிடக் கனத்த விளக்குகள், தெருச்சத்தம் புகுந்தால் கெட்டுப்போகும் ஒலிப்பதிவு. ஆகவே சேலத்திலும் கோவையிலும் கோடம்பாக்கத்திலும் சுவர் எழுப்பி, உள்ளே தெருவைக் கட்டிக்கொண்டார்கள். ஐம்பது வருடம் தமிழர்கள் பார்த்த தெருக்களில் பெரும்பகுதி தச்சர்கள் அடித்த பலகைத் தெருக்கள். பெர்லினை ஒரு நாள் முழுக்கச் சுற்றிக் காட்டிய வால்டர் ருட்மன்னின் மௌனப்படம் 1927இல் வந்தது. சோவியத் நகரங்களில் கேமராவோடு அலைந்த ஜிகா வெர்தோவின் படம் 1929இல் வந்தது. பேச்சு வராத காலத்தில் கேமராவுக்கு இருந்த அந்தக் கால்வீச்சு நமக்கு வாய்க்கவேயில்லை.

விதிவிலக்காக வந்தவர்களை எண்ணிவிடலாம். 1965இல் ஜெயகாந்தன் தம் 'உன்னைப்போல் ஒருவன்' கதையைத் தாமே படமாக்கினார். சென்னையின் குடிசைப்பகுதி, நட்சத்திரங்கள் இல்லை, பாட்டு இல்லை. தில்லியில் விருது கிடைத்தது. ஊர்களில் கொட்டகை கிடைப்பது வேறு கதை. வழக்கமான விநியோக வழி அந்தப் படத்துக்குத் திறக்கவில்லை. 1977இல் 'அக்ரஹாரத்தில் கழுதை'யைத் தமிழில் எடுத்த ஜான் ஆபிரகாமுக்கும் இதுவே அனுபவம். அவர் கேரளத்துக்குத் திரும்பி ஒடெஸா என்ற குழுவைக் கட்டினார். ஊர் ஊராக மக்களிடம் காசு திரட்டி 1986இல் 'அம்ம அறியான்' எடுத்தார்கள். எடுத்ததை அதே மக்களிடம் 16 மி.மீ. கருவியோடு கொண்டுபோய்க் காட்டினார்கள். படம் எடுப்பதோடு வேலை முடியவில்லை, காட்டுவதற்கும் ஒரு வழியைச் செய்துகொள்ள வேண்டும் என்று புரிந்துகொண்ட முதல் ஆட்களில் அவர் ஒருவர். சுயாதீன சினிமாவைப் பற்றி நம்மிடம் நடக்கும் பேச்சில் பாதி, பணம் எங்கிருந்து வரும் என்பதிலேயே நின்றுவிடுகிறது. திரை எங்கிருந்து வரும் என்பது அதைவிடப் பழைய, இன்றுவரை தீராத கேள்வி.

தொண்ணூறுகளின் பின்பகுதியில் கையடக்க வீடியோ கேமரா வந்ததும் நிலைமை புரண்டது. அந்தப் புரட்டலின் தமிழ்முகம் என்று ஒருவரைச் சொல்ல வேண்டுமானால் மதுரைக்காரர் ஆர்.பி. அமுதனைச் சொல்வேன். 1985இல் தனி மாவட்டம் ஆகும்வரை திண்டுக்கல் மதுரை மாவட்டத்தில்தான் இருந்தது. ஆகவே அவர் படமெடுத்த தெரு நமக்கு அசலூர் அல்ல. 2003இல் அவர் எடுத்த ஆவணப்படத்தின் பெயர் 'பீ'. மதுரையில் ஒரு கோயிலுக்குப் பின்னால் இருக்கும் தெரு. ஊரே அதைத் திறந்தவெளிக் கழிப்பிடமாக வைத்திருக்கிறது. ஒரு பெண் துப்புரவுத் தொழிலாளி அதை அன்றாடம் சுத்தம் செய்கிறார். கேமரா அவரோடு போகிறது, அவர் பேசுவதைக் கேட்கிறது. படத்தில் நடப்பது அவ்வளவுதான்.

அந்த 'அவ்வளவுதான்' எளிதில் வருவதல்ல. மதுரை என்றதும் நம் கண்ணுக்கு வரும் கோபுரம், பூ, தூங்காத கடைத்தெரு எல்லாவற்றையும் விட்டுவிட்டு, கோபுரத்துக்குப் பின்பக்கம் போக வேண்டும். போனபின் முகத்தைத் திருப்பிக்கொள்ளாமல் நிற்க வேண்டும். படம் பார்ப்பவருக்கு மூக்கைப் பொத்திக்கொள்ளத் தோன்றும். வேலை செய்பவருக்கு அந்த வசதி இல்லை என்பது அடுத்த கணம் உறைக்கும். நகரத்தைப் பற்றி எத்தனையோ கட்டுரைகள் சொல்ல முயன்ற ஒன்றை, யார் அசுத்தம் செய்கிறார்கள், யார் கூட்டுகிறார்கள், அவர்கள் எந்தச் சாதி என்பதை, ஒரே தெருவில் நின்று சொல்லிவிட்டது அந்தப் படம். 2005இல் 'மயானக் குறிப்புகள்', சுடுகாட்டில் வேலை செய்பவர்களைப் பற்றி. அடுத்து 'செருப்பு', திருச்சியில் செருப்புத் தைக்கும் அருந்ததியர் கிறிஸ்தவர்களைப் பற்றி. 2015இல் 'டாலர் சிட்டி', திருப்பூரைப் பற்றி. இவற்றைச் சேர்த்துவைத்துப் பார்த்தால் தமிழக நகரங்களின் வேறொரு வரைபடம் கிடைக்கும். அதில் ஊர்கள் கோயிலாலும் கடைத்தெருவாலும் அடையாளப்படுவதில்லை. அங்கே யாருடைய முதுகு வளைகிறது என்பதால் அடையாளப்படுகின்றன.

அமுதனின் மறுபாதி வேலையை அவருடைய படங்களைவிடப் பெரிதாக மதிக்கிறேன். 1998 முதல் 'மறுபக்கம்' என்ற பெயரில் மதுரையில் சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழாவை நடத்திவருகிறார். பெருநகரங்களில் மட்டுமே காணக் கிடைத்த படங்கள் மதுரைக்கு வந்தன. படம் எடுத்தவரே எழுந்து கேள்விக்குப் பதில் சொன்னார். இதன் அருமை 2004இல் நாடெங்கும் தெரிந்தது. மும்பையில் அரசு நடத்தும் ஆவணப்பட விழா, இந்தியப் படங்கள் மட்டும் தணிக்கைச் சான்றிதழோடு வர வேண்டும் என்றது. ஆவணப்படக்காரர்கள் 'விகல்ப்' என்று எதிர்விழா நடத்தி விடை சொன்னார்கள். திரை யார் கையில் இருக்கிறதோ அவர் கையில்தான் படமும் இருக்கிறது. 2017இல் திவ்யபாரதியின் 'கக்கூஸ்' வந்தபோது மறுபடியும் அதே பாடம். மலம் அள்ளும் தொழிலைப் பற்றிய அந்தப் படத்தைத் திரையிட ஊருக்கு ஊர் காவல்துறை தடை போட்டது. யூடியூபில் ஏற்றினார். லட்சக்கணக்கானவர்கள் பார்த்தார்கள்.

கதைப்படங்களிலும் இந்தக் கண் வந்து சேர்ந்திருக்கிறது. செழியனின் 'டூ லெட்', 2007இன் சென்னையில் வாடகைக்கு வீடு தேடும் ஒரு குடும்பத்தைப் பின்தொடர்கிறது. மென்பொருள் சம்பளம் வாடகையை ஏற்றிவிட்ட காலம். பின்னணி இசை கிடையாது. குழாய்ச் சத்தமும் ஸ்கூட்டர்ச் சத்தமும்தான் இசை. பாலுமகேந்திரா 'வீடு' படத்தில் கட்டி முடிக்க முடியாத வீட்டைக் காட்டினார். முப்பது ஆண்டு கழித்து, குடியிருக்கவே முடியாத வீட்டைச் செழியன் காட்டினார். 2018 ஏப்ரலில் சிறந்த தமிழ்ப்படத்துக்கான தேசிய விருது அறிவிக்கப்பட்டது. தியேட்டருக்கு வர 2019 பிப்ரவரி ஆனது.

அருண் கார்த்திக்கின் 'நசீர்' (2020) இன்னும் ஒரு படி உள்ளே போகிறது. திலீப்குமாரின் 'ஒரு குமாஸ்தாவின் கதை' என்ற சிறுகதைதான் மூலம். கோவையில் துணிக்கடை ஒன்றில் வேலை பார்க்கும் நடுவயது முஸ்லிம். அவருடைய ஒரு நாள். தண்ணீர் பிடிக்கிறார், மனைவியைப் பஸ் ஏற்றிவிடுகிறார், பொம்மைக்குச் சேலை கட்டுகிறார், சக ஊழியர்களுக்குத் தாம் எழுதிய கவிதையை வாசித்துக் காட்டுகிறார். எங்கோ ஒலிபெருக்கியில் வெறுப்புப் பேச்சு ஓடிக்கொண்டே இருக்கிறது. அவர் அதைக் கவனிப்பதாகவே தெரியவில்லை. படச்சட்டம் பழைய தொலைக்காட்சிப் பெட்டியின் அகலம்தான். அந்தக் குறுகலில் சந்து, மாடிப்படி, கடை எல்லாம் ஆளை நெருக்குகின்றன. ராத்திரி வீடு திரும்பும் வழியில் கும்பல் அவரைக் கொன்றுவிடுகிறது. முழுநாளும் கூடவே நடந்துவிட்டதால் நமக்கு அது செய்தியாக இல்லை. ரோட்டர்டாம் விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்ட அந்தப் படத்தைக் கோவைக்காரர்கள் எத்தனை பேர் ஒரே அரங்கில் உட்கார்ந்து பார்த்திருப்பார்கள்? 2020 ஜூனில் உலகமே வீட்டுக்குள் அடைந்திருந்தபோது இணையவழித் திருவிழா ஒன்றில் அது இலவசமாக வந்தது. தொற்றுநோய் வந்து திரை கொடுக்க வேண்டியிருந்தது.

திண்டுக்கல்லுக்கு இப்படி ஒரு கண் வாய்த்தால் எதைப் பார்க்கும்?

எழுத்துக்கு ஏற்கெனவே அந்தக் கண் வாய்த்திருக்கிறது. 1906இல் மதுரை மாவட்ட விவரச்சுவடி எழுதிய டபிள்யூ. பிரான்சிஸ் என்ற ஆங்கில அதிகாரிக்கு இந்த ஊர் புகையிலையும் சுருட்டும். வரி போடுகிறவனின் கண். நூறாண்டு கழித்து வந்தது தொழிலாளிக்காக வாதாடியவரின் கண். திருநெல்வேலிச் சீமையில் பிறந்து திண்டுக்கல்லில் வழக்கறிஞராக இருந்த டி. செல்வராஜ், இங்கே தோல் ஷாப்புகளில் வேலை செய்தவர்களின் வாழ்வையும் சங்கம் கட்டிய போராட்டத்தையும் 'தோல்' என்ற நாவலாக எழுதினார். 2012இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. சுண்ணாம்புக் குழியில் இறங்கி நிற்கும் கால்கள், உரிந்து புண்ணாகும் தோல், கடன் சீட்டு, சாதி, எல்லாம் அதில் உண்டு. இவ்வளவு முழுமையான நகர நாவல் வாய்த்த ஊர்கள் தமிழில் அதிகமில்லை.

நாவல் முடிந்த இடத்தில் கேமரா தொடங்கலாம். ஏனென்றால் கதை அங்கே நிற்கவில்லை. 1996 ஆகஸ்டில் வேலூர் குடிமக்கள் நல மன்ற வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. மாசு செய்தவரே ஈடு தர வேண்டும் என்ற கொள்கை இந்தியச் சட்டத்தின் பகுதி என்று உறுதிசெய்த தீர்ப்பு அது. சட்ட மாணவர்கள் அதை வேலூரின் வழக்காகவே படிக்கிறார்கள். அதில் பெயர் சொல்லப்பட்ட ஐந்து மாவட்டங்களில் அன்றைய திண்டுக்கல் அண்ணா மாவட்டமும் ஒன்று. கழிவுநீர் கலந்த கிணறு, உப்புப் பூத்த வயல், அதே கழிவுநீரை விட்ட ஷாப்பில் கூலி வாங்கிய குடும்பம் மூன்றும் ஒரே ஊரில், சில சமயம் ஒரே வீட்டில் இருந்தன. கெட்டவன் யார் என்று சுட்டிவிட்டு எழுந்துபோகிற படத்துக்கு இது சரிப்படாது.

பூட்டுக்கு வருவோம். நாகல் நகரிலும் சுற்றியுள்ள நல்லாம்பட்டி, குடைப்பாறைப்பட்டி, யாகப்பன்பட்டியிலும் வீட்டோடு சேர்ந்த சின்னப் பட்டறைகள்தான் திண்டுக்கல் பூட்டின் பிறப்பிடம். மாங்காய்ப் பூட்டு என்று வடிவத்தை வைத்துச் சொல்வார்கள். தகடு வெட்டி, லீவரையும் சுருளையும் பொருத்தி, சாவியின் பல்லை அரத்தால் ராவி ராவிச் சரிசெய்வது எல்லாம் கைவேலை. ஒரு பூட்டின் சாவி இன்னொன்றில் சேராது என்பதுதான் அந்தத் தொழிலின் கௌரவம். அலிகரில் இருந்து எந்திரப் பூட்டு விலை குறைத்து வந்ததும் கௌரவத்துக்கு விலை இல்லாமல் போயிற்று. 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது; பத்திரிகைகள் படம் போட்டன. பட்டறையில் நரைத்த தலைகளே மிச்சம். அரம் இரும்பில் உரசும்போது எந்த இடத்தில் சத்தம் மாறுகிறது, அந்த மாற்றத்தைக் கேட்டுக் கை எப்போது நிற்கிறது என்பதை எந்த விவரச்சுவடியிலும் எழுத முடியாது. நாவலாசிரியனுக்கும் அது கஷ்டம். கேமராவும் மைக்கும் அரைமணி நேரம் பேசாமல் நின்றால் போதும்.

பேகம்பூர் இருக்கிறது. ஹைதர் அலியின் தங்கை அடங்கிய இடம். அந்தப் பேகத்தின் பெயரால் ஒரு குடியிருப்பு. 1755இல் ஹைதர் இங்கே பௌஜ்தாராக வந்ததைக் கோட்டைப் பலகை சொல்லும். பேகம்பூர்ச் சந்தில் இன்றைக்குக் கடைக்குப் போய்த் திரும்பும் ஒருவருடைய நாளைப் பலகை சொல்லாது. வேடசந்தூர்ச் சாலையில் நூற்பாலை வேன்கள் விடியுமுன் ஊருக்குள் புகுந்து பெண்களை ஏற்றிக்கொண்டு போகின்றன. ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் கேரளத்துக்குப் போகும் காய்கறி மூட்டைகள் லாரி ஏறுகின்றன. நான்குவழிச் சாலை ஊரை ஒதுக்கிவிட்டு ஓடுகிறது. அதில் போகிறவர்களுக்குத் திண்டுக்கல் என்பது மலையின் பக்கவாட்டுத் தோற்றமும் பிரியாணிக்கடைப் பலகையும். பிரியாணியைப் பற்றி இதுவரை எழுதாததற்கு உள்ளூர் வாசகர்கள் மன்னிக்க வேண்டும். அதைப் படமெடுக்க யூடியூப்காரர்கள் வரிசையில் நிற்கிறார்கள்.

இங்கே ஒரு மறுப்பு எழும். கையில் போன் வைத்திருப்பவர் எல்லாம் இன்று ஒளிப்பதிவாளர். நகரம் விநாடிக்கு விநாடி பதிவாகிக்கொண்டிருக்கிறது. இன்னும் என்ன கேமரா என்று கேட்கலாம். பதிவாகிறது, உண்மைதான். பதிவானது அரை நிமிடத்தில் கீழே தள்ளப்பட்டுப் போகிறது. அமுதனும் அருண் கார்த்திக்கும் செய்தது ஓரிடத்தில் தங்கியது. பி.எஸ். வினோத்ராஜ் 'கூழாங்கல்'லில் மதுரைப் பக்கத்துப் பொட்டலையும் வெயிலையும் பஸ்ஸையும் மட்டுமே வைத்துக்கொண்டு 2021இல் ரோட்டர்டாமின் புலி விருதை வாங்கினார். அதற்கும் அந்த வெயிலில் நின்றதுதான் முதல். இரண்டாவது, போனில் பார்ப்பது தனித்தனியாகப் பார்ப்பது. தோல் ஷாப் முதலாளி தம் போனில் பார்ப்பார், குடகனாற்றுக் கரை விவசாயி தம் போனில் பார்ப்பார். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க வேண்டியதில்லை. ஊரைப் பற்றிய படத்தை ஊர் சேர்ந்து உட்கார்ந்து பார்ப்பதில் ஒரு கட்டாயம் இருக்கிறது, விளக்குப் போட்டதும் ஏதாவது பேசியாக வேண்டும். இணையம் 'கக்கூஸ்' படத்தைக் காப்பாற்றியது. அந்த வாக்குவாதத்தை அதனால் உண்டாக்க முடியவில்லை.

கேரளத்தில் 1965இலேயே அடூர் கோபாலகிருஷ்ணனும் நண்பர்களும் சித்ரலேகா திரைப்படச் சங்கம் தொடங்கினார்கள். பிறகு சிற்றூர்வரை சங்கங்கள் பரவின. திருவனந்தபுரத்தில் அரசே தியேட்டர் நடத்துகிறது. இங்கே சினிமாவில் இருந்து முதலமைச்சர்கள் வந்தார்கள். சிறு முதலீட்டுப் படங்களுக்குச் சில லட்சம் மானியமும் உண்டு. மானியம் படம் எடுப்பதற்கு மட்டும்தான்; காட்டுவதற்கு ஒரு நாற்காலிகூட இல்லை. திரைப்படத்தால் அரசாண்ட மாநிலம் ஒன்று திரையைப் பொதுச்சொத்தாக ஒருபோதும் நினைக்காதது எனக்கு இன்றும் வியப்புத்தான்.

2014 முதல் திண்டுக்கல் மாநகராட்சி. மாநகராட்சிக்குக் கூட்ட அரங்கு உண்டு. காந்திகிராமத்தில் 1976 முதல் நிகர்நிலைப் பல்கலைக்கழகமாக இயங்கும் நிறுவனம் உண்டு. கிராமத்தைப் படிக்கவென்றே பிறந்தது, பத்துப் பதினைந்து கிலோமீட்டரில் இருக்கும் நகரத்தையும் படித்தால் குற்றமில்லை. தொழிற்சங்கக் கட்டடங்கள், கல்லூரிகள், ஆண்டுக்கொரு புத்தகத் திருவிழா எல்லாம் இருக்கின்றன. ஒரு புரொஜெக்டரும் வெள்ளைச் சுவரும் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமையும் சேர்ந்தால் திரை வந்துவிடும். முதலில் 'பீ' போடலாம், அரங்கைப் பெருக்குகிறவர்களை முன்வரிசையில் உட்காரச் சொல்லி. அடுத்த மாதம் 'நசீர்'. ஆறேழு மாதத்தில் யாராவது ஒரு கல்லூரிப் பெண், எங்கள் தெருவை எடுத்துக்கொண்டு வந்திருக்கிறேன் என்று நிற்பாள். அது நூற்பாலை வேனாக இருக்கலாம், பூட்டுப் பட்டறையாக இருக்கலாம்.

தோல் ஷாப்பும் குடகனாறுமாக இருந்தால் சண்டை வரும். சண்டை வரும் என்று சொல்லியே அனுமதி மறுப்பார்கள். விண்ணப்பத்தை இரண்டு நகலாக எழுதி, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.